ஆளுக்கொரு படகு

நாகலட்சுமிக்கு வாய் உண்டு என்பது கரூரில் அவள் தெருவுக்கே தெரியும். பட்டப்படிப்புக்குத் திருச்சிக்கெல்லாம் அனுப்ப முடியாது என்று அவள் அப்பா சொன்னபோது, மற்றப் பெண்களைப்போல அவள் பட்டினி கிடக்கவில்லை. வயிறாரச் சாப்பிட்டுவிட்டு வந்து கூடத்தில் உட்கார்ந்து, ஏன் முடியாது என்று கேட்டாள். ஜவுளிக்கடையில் கணக்கு எழுதும் மனிதர் அவர், காரணங்களை ஒழுங்காக அடுக்கினார். ஒவ்வொன்றுக்கும் அவளிடம் பதில் இருந்தது. கடைசியில் அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, போய் எப்படியோ படித்துக்கொள் என்று சொல்லிவிட்டுக் கடைக்குக் கிளம்பிவிட்டார். அவள் கணிதத்தில் பட்டம் வாங்கிக்கொண்டு வந்தாள். அடுத்து பி.டி. படித்து ஆசிரியை ஆகவேண்டும் என்று அவள் தீர்மானித்து வைத்திருந்த நேரத்தில், ஈரோட்டிலிருந்து ஒரு ஜாதகம் வந்து சேர்ந்தது.

மாப்பிள்ளை குருமூர்த்தி. ஜெர்மனியில் ஆஹென் என்ற ஊரில், தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் எஃகு பற்றி ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தவன். விடுமுறைக்கு வந்தவனைப் பிடித்து உட்காரவைத்து, அறுபத்தைந்தாம் வருஷம் ஆனி மாதத்தில் தாலி கட்டவைத்துவிட்டார்கள். விருந்து முடிந்த கையோடு அவன் விமானம் ஏறிவிட்டான். கணவனின் முகம் சரியாக மனத்தில் பதியும் முன்பே ஆள் கிளம்பிப் போய்விட்டான் என்பதுதான் உண்மை. அவன் முகத்தை நினைத்துப்பார்க்க முயன்றால், கல்யாணப் போட்டோவில் மாலைக்கு மேலே தெரிந்த மூக்குக் கண்ணாடிதான் அவளுக்கு ஞாபகம் வந்தது. அடுத்த ஏப்ரலில் அவள் போய்ச் சேர்ந்தாள். போய்ச் சேர்ந்த இடத்தில் அந்த வாய் அடைத்துப்போயிற்று.

ஊமையாகும்படி அங்கே யாரும் அவளைக் கொடுமைப்படுத்தவில்லை. குருமூர்த்தியைவிடச் சாதுவான மனிதனைத் தேடினாலும் கிடைக்காது. குற்றம் எல்லாம் அந்த அறையின் மேல்தான். கூப்பர்ஸ் அம்மா என்ற வயதான விதவையின் வீட்டில், மாடியில் ஒற்றை அறை. ஒரு கட்டில், ஒரு மேஜை, ஜன்னலில் ஒரு சிவப்புப் பூச்செடி. சமையலறை பொது. அறைக்கும் வீட்டுக்கார அம்மாவின் படுக்கையறைக்கும் நடுவே இருந்ததைச் சுவர் என்று சொல்வது மரியாதைக்காகத்தான். அந்தப் பக்கம் அவர் புரண்டு படுத்தால் இந்தப் பக்கம் தெரியும். இவர்கள் சற்றுக் குரலை உயர்த்தினால், அவர் விரல் மடக்கிச் சுவரில் தட்டுவார். கோபமாகத் தட்டமாட்டார், மெதுவாகத்தான் தட்டுவார். அதுதான் இன்னும் கூச்சமாக இருக்கும்.

ஆகவே கணவனும் மனைவியும் கிசுகிசுத்தே குடித்தனம் நடத்தினார்கள். உப்பு எங்கே, குடை எங்கே, விளக்கை அணைக்கவா என்பதையெல்லாம் கிசுகிசுக்கலாம். மனத்தில் உள்ளதைக் கிசுகிசுப்பது மகா கஷ்டம். பாதி வார்த்தை காற்றில் போய்விடும், மறுபடி சொல்லச் சொன்னால் சொல்ல வந்ததே மறந்துபோகும்.

அப்படிக் கிசுகிசுத்த ஒரு வார்த்தைதான் வினையாக முடிந்தது. அவள் வந்து சில வாரங்கள் ஆகியிருக்கும். பி.டி. படிப்புக்குக் கோயம்புத்தூரில் அவளுக்கு இடம் கிடைத்திருக்கிறது என்று அப்பா எழுதியிருந்தார். கல்யாணத்துக்கு முன்பு போட்ட மனு, யாரும் நினைவில் வைத்திராத நேரத்தில் பலித்திருந்தது. அன்று அவள் பாத்திரம் துலக்கியபடி அழுததைக் குருமூர்த்தி பார்த்துவிட்டான். வெங்காயமும் இல்லை, சளியும் இல்லை, அழுகைதான். அவன் ராத்திரி முழுக்க யோசித்தான். காலையில் கோட்டை ஆணியில் மாட்டுவதுபோல் சுவரைப் பார்த்துக்கொண்டே சொன்னான்.

"உனக்கு இங்க பிடிக்கலைன்னா சொல்லு. நடேசன் சார் குடும்பம் ஆகஸ்ட்ல கப்பல்ல ஊருக்குப் போறாங்க. உனக்கு நல்ல துணை. கூடவே போயிரலாம். காலேஜ் சீட்டும் வீணாகாது."

"உங்க இஷ்டமுங்க" என்றாள் அவள்.

அவன் தியாகம் செய்வதாக நினைத்துக்கொண்டிருந்தான். தன்னை வண்டி ஏற்றிவிடப் பார்க்கிறான் என்று அவள் நினைத்தாள். அவள் சொன்னது அடக்கம், அவன் காதில் விழுந்தது சம்மதம். இரண்டு மரியாதையான வாக்கியங்கள் சேர்ந்து ஒரு குடும்பத்தைக் கெடுக்க முடியும் என்பதற்கு அந்த அறையே சாட்சி. கரூரில் அப்பாவை மடக்கிய பெண் ஏன் அங்கேயே, அப்போதே, "எதுக்குப் போகணும்?" என்று கேட்கவில்லை என்றால், அப்பாவிடம் கேட்டபோது வேண்டாதவளாக ஆகிவிடுவோமோ என்ற பயம் அவளுக்கு இருந்ததில்லை. இப்போது இருந்தது.

வாரநாட்கள் எப்படியோ போய்விடும். ஞாயிற்றுக்கிழமை மதியம்தான் போகாது. கடைகள் பூட்டியிருக்கும். தெருவில் ஈ காக்கை இருக்காது. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு வீட்டில் சத்தமே கூடாது என்பது அந்த ஊர்ச் சம்பிரதாயம். கூப்பர்ஸ் அம்மா அதை விரதம்போலக் கடைப்பிடிப்பவர். நாற்காலியை இழுத்தால்கூட விரல் மடங்கிவிடும். எனவே அவர்கள் கோட்டை மாட்டிக்கொண்டு ஊருக்குத் தெற்கே இருந்த குளத்தங்கரைப் பூங்காவுக்குப் போவார்கள். ஊரில் பாதி அங்கேதான் இருக்கும்.

நாகலட்சுமிக்கு அந்தப் பூங்கா முதலில் கல்யாண வீடுபோலத் தெரிந்தது. அவ்வளவு பேரும் நல்ல உடுப்பில் வந்திருந்தார்கள். ஆண்கள் கழுத்தில் டை, பெண்கள் தலையில் தொப்பி, குழந்தைகள் காலில் வெள்ளைக் காலுறை. காலுறையோடு ஓடாதே என்று அம்மாக்கள் அதட்டிக்கொண்டே வருவார்கள். ஒரு காரியமும் இல்லாமல் நடப்பதற்காகவே நடந்தார்கள். குளத்தைச் சுற்றிப் போவார்கள், எதிரில் வந்தவர்களுக்குத் தலையசைப்பார்கள், மறுபடி சுற்றுவார்கள். புல்லில் கால் வைக்கக்கூடாது என்று பலகை வைத்திருந்தார்கள். நாய்கள் உட்பட எல்லோரும் அதை மதித்தார்கள். கிழவர்கள் பெஞ்சில் உட்கார்ந்து முகத்தை வெயிலுக்குக் கொடுத்துக் கண்ணை மூடிக்கொண்டார்கள். நம் ஊரில் வெயிலுக்குப் பயந்து ஒதுங்குகிறோம், இவர்கள் அதைத் தேடிவந்து வாங்கிக்கொள்கிறார்களே என்று அவளுக்குச் சிரிப்பாக இருந்தது. சிரிப்பைப் பகிர்ந்துகொள்ளப் பக்கத்தில் ஆள் இல்லை.

ஏனென்றால் ஆள் முன்னால் போய்க்கொண்டிருந்தான். குருமூர்த்தியின் அப்பா அப்படித்தான் நடப்பார், பெரியப்பாவும் அப்படித்தான். கடைவீதியானாலும் கோயிலானாலும் ஆம்பிளை முன்னால், பெண்டாட்டி பின்னால். நடுவீதியில் நின்று திரும்பிப் பார்ப்பது அசிங்கம். அவனுக்கு அது கர்வமில்லை, வேறு மாதிரி நடக்கலாம் என்று தோன்றவே இல்லை. அவளும் அம்மாவைப் பார்த்து வளர்ந்தவள்தானே, வேகத்தைக் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. சேலைக்கு மேல் கம்பளிக் கோட்டும், செருப்புக்குள் காலுறையுமாக அவன் முதுகைப் பார்த்தபடி நடந்தாள். சுற்றிலும் கைகோத்துப் போகிற ஜோடிகள் இவர்களைப் பார்த்து, ஐயோ பாவம், வீட்டில் சண்டைபோலிருக்கிறது என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். அந்தக் கோடையில் தன் கணவனைப் பற்றி அவளுக்கு நன்றாகத் தெரிந்தது ஒன்றுதான், அவன் கோட்டின் முதுகுத் தையல்.

நடேசனையும் சியாமளாவையும் பற்றி இங்கே சொல்லவேண்டும். நடேசன் அதே ஊரில் ஓர் இயந்திரத் தொழிற்சாலையில் பயிற்சிக்கு வந்து, முடித்துவிட்டுத் திரும்பும் நிலையில் இருந்தவர். அவர் மனைவி சியாமளா மதுரைக்காரி, மனத்தில் பட்டதைப் பட்டென்று போட்டு உடைப்பவள். கப்பல் பயணத்துக்கு நாகலட்சுமி துணை வந்தால் அவளுக்குக் கொண்டாட்டம்தான். ஆனாலும் அவளுக்கு இந்த ஏற்பாட்டில் ஏதோ நெருடியது. போகிற பெண் போவதைப் பற்றிப் பேசவே மாட்டேன் என்கிறாள், அனுப்புகிறவன் கப்பல் தேதியைக் கேட்கும்போதெல்லாம் எச்சிலை விழுங்குகிறான். திங்கட்கிழமை காலை நடேசன் பக்கத்துப் பெரிய நகரமான கொலோனுக்குப் போய்க் கப்பல் டிக்கெட் எடுப்பதாக இருந்தது. இரண்டா, மூன்றா என்று ஞாயிற்றுக்கிழமைக்குள் சொல்லிவிடும்படி குருமூர்த்தியிடம் சொல்லியிருந்தார்.

ஜூன் கடைசி ஞாயிறு. நான்கு பேரும் குளத்தங்கரைக் காப்பிக் கடையில், வெளியே போட்டிருந்த மேஜையில் உட்கார்ந்திருந்தார்கள். செர்ரிப் பழம் வைத்த கேக்கைச் சியாமளா மட்டும் சாப்பிட்டாள். குருமூர்த்தி சர்க்கரையைக் கலக்கிக்கொண்டே இருந்தான். அவன் சர்க்கரையே போட்டிருக்கவில்லை.

நடேசன் தொண்டையைச் செருமிக்கொண்டு, அப்புறம் என்ன முடிவு என்று கேட்டார். குருமூர்த்தி நாகலட்சுமியின் பக்கம் பார்க்காமல், அவளைத்தான் கேட்கவேண்டும் என்றான். நாகலட்சுமி தட்டைப் பார்த்தபடி, அவருக்கு எது சரியோ அது என்றாள். சியாமளாவுக்குப் பொறுமை போய்விட்டது. கரண்டியை வைத்துவிட்டு, ஒரு மனுஷனும் மனுஷியும் ஒருத்தர் மூஞ்சியை ஒருத்தர் பார்த்து நாலு வார்த்தை பேச இந்த ஊரில் இடமா இல்லை, அதோ படகு இருக்கிறது, இரண்டு பேரும் ஏறிப் போய்ப் பேசிவிட்டு வாருங்கள், அதுவரை நாங்கள் இங்கேயே உட்கார்ந்திருக்கிறோம் என்று விரட்டினாள்.

படகுத்துறை பக்கத்தில்தான். குருமூர்த்தி எழுந்து நடந்தான், வழக்கம்போல முன்னால். அவள் எழுந்து நடந்தாள், வழக்கம்போலப் பின்னால். துறையில் பெரிய வயிறும் மாலுமித் தொப்பியுமாக ஒரு படகுக்காரர் நின்றுகொண்டிருந்தார். நேரம் முடிந்த படகுகளை எண் சொல்லிக் கூப்பிட அவர் கையில் தகரத்தில் ஒரு ஊதுகுழல். குருமூர்த்தி ஒரு படகு வேண்டும் என்றான். அவர் காட்டிய படகில், திரும்பிப் பார்க்காமல் ஏறி உட்கார்ந்து துடுப்புகளைப் பிடித்தான். பின்னால் மனைவி வருகிறாள் என்பது அவனுக்குச் சுவாசம்போலத் தெரிந்த விஷயம், சொல்லவேண்டும் என்று தோன்றவில்லை. படகுக்காரருக்கு எப்படித் தெரியும்? ஆள் தனியாக வந்தான், தனியாக ஏறினான். அவர் கொக்கிக் கம்பால் படகைத் தள்ளிவிட்டார்.

படகு சறுக்கிப் போனபோதுதான் குருமூர்த்தி நிமிர்ந்தான். எதிர்ப் பலகை காலியாக இருந்தது. கரையில் படகுக்காரர் நாகலட்சுமியின் பக்கம் திரும்பி, அடுத்த படகைக் காட்டி, ராஜகுமாரிக்குக் கொடுப்பதுபோல் கையை நீட்டிக்கொண்டிருந்தார்.

நாகலட்சுமி தயங்கினாள். கணவன் தனியாகப் போகிறான், தனக்கு வேறு படகு காட்டுகிறார்கள். ஒரு கணம்தான் யோசித்தாள். டவுன் பஸ்ஸில் பெண்களுக்குத் தனி சீட்டு, சினிமாக் கொட்டகையில் பெண்களுக்குத் தனி வரிசை, இங்கே பெண்களுக்குத் தனிப் படகு போலிருக்கிறது என்று முடிவு செய்துகொண்டாள். கைகோத்துத் திரிகிற ஊராக இருந்தாலும் தண்ணீரில் ஒழுங்கு வைத்திருக்கிறார்களே என்று கொஞ்சம் மரியாதைகூடத் தோன்றியது. கொசுவத்தைச் சேர்த்துப் பிடித்துக்கொண்டு ஏறி உட்கார்ந்தாள். அவள் படகையும் அவர் தள்ளிவிட்டார்.

அது என் மனைவி என்று குருமூர்த்தி தண்ணீரிலிருந்து சொன்னான். பொது இடத்தில் குரலை உயர்த்தி அவனுக்குப் பழக்கம் இல்லை. அவன் சொன்னது பக்கத்தில் போன வாத்துக்குக் கேட்டிருந்தால் உண்டு.

துடுப்புப் போடத் தெரியாதவள் இல்லை நாகலட்சுமி. சொந்தக்காரர் வீட்டு விசேஷங்களுக்குக் காவிரியைப் பரிசலில் கடக்கும்போது, பரிசல்காரரிடம் துடுப்பை வாங்கிப் போட்டிருக்கிறாள். பரிசலுக்கு ஒரு துடுப்புதான். ஆகவே இங்கே இரண்டில் ஒன்றைத் தூக்கி உள்ளே வைத்துவிட்டு, மற்றதை மட்டும் பிடித்துத் தள்ளினாள். படகு நின்ற இடத்திலேயே அழகாக ஒரு வட்டம் போட்டது. மறுபடி தள்ளினாள், மறுபடி வட்டம். காப்பிக் கடை, படகுத்துறை, பெஞ்சுக் கிழவர்கள், மறுபடி காப்பிக் கடை. பெஞ்சில் கண் மூடியிருந்தவர்கள் கண்ணைத் திறந்துகொண்டார்கள். கரையில் இரண்டு பெண்பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். நாகலட்சுமிக்கே சிரிப்பு வந்துவிட்டது. வந்து இறங்கிய நாள்முதல் அடக்கி வைத்திருந்த சிரிப்பு அது, தண்ணீரின் மேல் தாராளமாகவே கேட்டது.

குருமூர்த்தி வேர்த்து விறுவிறுத்து வந்து சேர்ந்தான். எஃகின் வலிமையைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதுகிறவனுக்குப் படகை நிறுத்தத் தெரியவில்லை. அவளைத் தாண்டிக் கொஞ்ச தூரம் போய்த்தான் நின்றான். இரண்டு துடுப்பையும் பிடி, நான் போகிற வழியில் பின்னால் வா என்று சைகை காட்டினான். அவள் அவன் பக்கம் பார்த்தபடி உட்கார்ந்து இரண்டையும் தள்ளினாள், படகு நகர்ந்தது. அவன் முன்னால், அவள் பின்னால், தரையில் போனதுபோலவேதான்.

அதிலும் ஒரு வித்தியாசம் இருந்தது. துடுப்பு வலிப்பவன் போகிற திசைக்கு முதுகு காட்டித்தான் உட்காரவேண்டும். முன்னால் போகிற குருமூர்த்தி பின்னால் வருகிறவளைப் பார்த்தபடி போனான். வேறு எதையும் பார்க்க முடியாது. கோட்டு மாட்ட ஆணி இல்லை, திருப்பிக்கொள்ளச் சுவர் இல்லை. அவன் பார்த்துக்கொண்டே இருந்தான். சிரித்த சிரிப்பு இன்னும் அவள் முகத்தை விட்டுப் போகவில்லை. அவன் துடுப்பு வலிக்கிற தாளம் தப்பித் தப்பி விழுந்தது.

நாகலட்சுமியும் பார்த்தாள். அவனுக்குக் காதோரம் நரைக்கத் தொடங்கியிருந்தது. மூக்குக் கண்ணாடியில் தண்ணீர்த் துளி. பயந்த பிள்ளையைப்போல உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தான். இவ்வளவு நேரம் ஒரே மூச்சில் அவன் முகத்தை அவள் பார்த்ததில்லை. இது அனுப்பிவைக்கிறவன் முகம் இல்லையே என்று அவளுக்குப் பட்டது. இதைத் தெரிந்துகொள்ளாமல் கப்பல் ஏறினால் ஆயுசுக்கும் மனது ஆறாது. குளத்தின் நடுவே வந்திருந்தார்கள். தட்டுவதற்குச் சுவர் இல்லை, தமிழ் தெரிந்த காது பக்கத்தில் ஒன்றும் இல்லை. கரூர் வாய் அவளுக்குத் திரும்பி வந்தது.

"ஏனுங்க, ஒண்ணு கேக்கட்டுங்களா?"

"கேளு."

"என்னைய ஊருக்கு அனுப்பிரோணும்னு இருக்கீங்களா?"

இரண்டு படகுக்கும் நடுவே கிசுகிசுக்க முடியாத தூரம். அவள் சத்தமாகத்தான் கேட்டாள். அவன் துடுப்பு நின்றுவிட்டது.

"நீதான போகோணும்னு இருந்தே? உங்க இஷ்டம்னு சொன்னியே."

"போயிரலாம்னு நீங்க சொன்னீங்க. கட்டுனவரு போன்னு சொன்னா, மாட்டேன்னு நான் எப்படிங்க சொல்றது? ஒட்டிக்கிட்டு நிக்கறாளேன்னு நெனைச்சுட்டா?"

அவன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். துடைத்ததும் மாட்டிக்கொள்ளாமல் கையிலேயே வைத்துக்கொண்டு பேசினான். கண்ணாடி இல்லாவிட்டால் அவள் அவனுக்கு மங்கலாகத்தான் தெரிந்திருப்பாள், அந்தத் தைரியமாகவும் இருக்கலாம்.

"நாலு வருஷமா எனக்கு ஞாயித்துக்கிழமைன்னாலே பயம். லேப் பூட்டியிருக்கும். லைப்ரரி பூட்டியிருக்கும். பேச ஒரு ஆள் கிடையாது. இந்தக் குளத்தையே சுத்திச் சுத்தி வருவேன், இருட்டற வரைக்கும். இப்ப அப்படி இல்லை. திங்கக்கிழமை காலைலயே எப்படா ஞாயித்துக்கிழமை வரும்னு இருக்குது. பின்னால உன் செருப்புச் சத்தம் கேட்டுக்கிட்டே இருக்கும்ல, அது போதும் எனக்கு."

நாகலட்சுமி குனிந்து தன் செருப்பைப் பார்த்தாள். தான் அவன் முதுகைப் பார்த்து நடந்த வாரங்களிலெல்லாம், அவன் தன் காலடியைக் கேட்டுக்கொண்டு நடந்திருக்கிறான். எவ்வளவு நல்ல மனிதன், எவ்வளவு பெரிய அசடு என்று இரண்டும் ஒரே நேரத்தில் தோன்றிற்று.

"இதை ஏனுங்க இத்தனை நாளாச் சொல்லலை?"

"நீ அழுததைப் பார்த்தேன். படிக்கோணும்னு ஆசைப்பட்ட பொண்ணு. சீட்டு வந்திருக்குது. எனக்குப் பொழுது போகறதுக்காக உன்னைய ஒரு ரூம்ல அடைச்சு வெக்கறதான்னு இருந்துச்சு."

அவன் சொன்னதில் பொய் இல்லை. அந்தப் படிப்புக்காகத்தான் அவள் அழுதாள். அதை இல்லை என்று சொல்லிவிட்டால் எல்லாம் சுலபமாக முடிந்துவிடும். ஆனால் முகத்தைப் பார்த்துப் பேசும் முதல் பேச்சிலேயே பொய் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை.

"அழுதது நெசந்தானுங்க. எனக்குப் படிக்கவும் வேணும், உங்களோட இருக்கவும் வேணும். ரெண்டும் ஒண்ணாக் கெடைக்காதுன்னுதான் அழுதேன். ரெண்டுல எதை விடறதுன்னு நான்தான் சொல்லோணும், நீங்களா முடிவு பண்ணக்கூடாது."

"சரி, சொல்லு."

"நான் போகலைங்க."

அவன் தலையை ஆட்டினான். ஆட்டிக்கொண்டே இருந்தான். கண்ணாடியை மாட்டிக்கொள்ள முயன்றபோது ஒரு துடுப்பு நழுவித் தண்ணீரில் விழுந்தது. அதை எட்டிப் பிடிக்கப் போய்ப் படகு ஒரு ஆட்டம் ஆடியது. அவள் ஐயோ என்றாள். அவன் கையும் சட்டையும் நனைந்து, துடுப்போடு நிமிர்ந்து சிரித்தான். அவன் சிரிப்பை அவள் அப்படிப் பார்த்தது அன்றுதான்.

கரையில் படகுக்காரர் தகரக் குழலை வாயில் வைத்து ஏதோ எண்களைக் கூப்பிட்டார். குருமூர்த்திக்குப் பழைய கூச்சம் வந்துவிட்டது. நேரம் ஆகிவிட்டது, கரைக்குப் போவோம், நடேசன் சாரிடம் நான் தனியாகப் போய்ப் பக்குவமாகச் சொல்லிக்கொள்கிறேன் என்றான். பக்குவம் என்ற சொல்லைக் கேட்டதும் நாகலட்சுமி துடுப்பை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். இவன் பக்குவமாகச் சொன்னால் நடேசன் மூன்று டிக்கெட் எடுத்துவிடுவார்.

"இங்கிருந்தே சொல்லுங்க" என்றாள்.

"இங்கிருந்தா? எல்லாரும் இருக்காங்களே."

"இருக்கட்டுமுங்க. எனக்குக் கேக்கோணும்."

அவன் சுற்றிலும் பார்த்தான். பெஞ்சுகள் நிறைய ஆட்கள், காப்பிக் கடை நிறைய தொப்பிகள், ஞாயிற்றுக்கிழமைக்கென்று குரலை அடக்கி வைத்துக்கொண்ட ஒரு முழு ஊர். பிறகு அவளைப் பார்த்தான். அவள் துடுப்பை மடியில் வைத்துக்கொண்டு, எத்தனை நேரமானாலும் நகரமாட்டேன் என்று உட்கார்ந்திருந்தாள். குருமூர்த்தி கரைப் பக்கம் உடம்பைத் திருப்பி, இரண்டு கையையும் வாயில் குவித்துக் கத்தினான்.

"நடேசன் சார்! அவ வரலை! என்னோட இருக்கா!"

காப்பிக் கடையில் கரண்டிகள் நின்றன. ஒரு நாய் குரைத்தது. ஆபத்தோ என்று படகுக்காரர் கொக்கிக் கம்பைத் தூக்கிக்கொண்டு துறை விளிம்புக்கு ஓடிவந்தார். மேஜையிலிருந்து சியாமளா எழுந்து நின்று இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கி ஆட்டினாள். நடேசன் அவள் சேலையைப் பிடித்து உட்காரச் சொல்லி இழுத்துக்கொண்டிருந்தார். நாகலட்சுமி அழுதாள். முகத்தை மூடிக்கொள்ள முடியாமல் கையில் துடுப்பு இருந்தது. அதனால் மூடாமலே அழுதாள், அவனும் பார்த்துக்கொண்டுதான் இருந்தான்.

கரையேறியபோது படகுக்காரர், இந்த அம்மாள் உங்கள் மனைவியா, பிறகு ஏன் அவ்வளவு தள்ளி நின்றாள் என்று கேட்டார். ஜெர்மன் நன்றாகவே பேசும் குருமூர்த்தி, இரண்டு படகுக்கும் உண்டான காசை எண்ணிக் கொடுத்தான்.

ஆகஸ்டில் நடேசனும் சியாமளாவும் மட்டும் கப்பல் ஏறினார்கள். கோயம்புத்தூர்ச் சீட்டு வேறு யாருக்கோ போயிற்று. வகுப்புத் தொடங்கும் என்று சொல்லியிருந்த தேதி வந்தபோது நாகலட்சுமி அப்பாவின் பழைய கடிதத்தை எடுத்து மறுபடி படித்தாள். குருமூர்த்தி சமாதானம் சொல்லாமல் பக்கத்தில் உட்கார்ந்திருந்தான். அவள் மாலை வகுப்புக்குப் போய் ஜெர்மன் கற்றுக்கொண்டாள். எழுபதுகளில் ஒரு பள்ளிக்கூடத்தில், பிற்பகலில் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்கும் வேலை கிடைத்தது. அவள் ஆசைப்பட்ட அளவுக்கு இல்லை, ஆனாலும் பலகையும் சாக்குக்கட்டியும் அவள் கைக்கு வந்தன. தனிச் சமையலறையோடு வீடு வந்தது, கிரிஜா என்று ஒரு மகள் வந்தாள்.

பெரிய விஷயம் எதையும் அவர்கள் வீட்டில் வைத்துப் பேசியதில்லை. ஊருக்கே திரும்பிவிடலாமா என்பதையும், மாமியாரை அழைத்து வந்து வைத்துக்கொள்வதையும், மகளை எந்தப் பள்ளியில் போடுவது என்பதையும் குளத்துக்குப் போய், ஆளுக்கொரு படகு எடுத்துக்கொண்டு, நடுத் தண்ணீரில்தான் பேசி முடித்தார்கள். கிரிஜாவுக்கு விவரம் தெரிந்த வயதில் அது பெரிய அவமானமாக இருந்தது. என் தோழிகள் பார்த்துச் சிரிக்கிறார்கள், வீட்டில்தான் யாரும் சுவரைத் தட்டுவதில்லையே, மற்றவர்களைப்போலச் சோபாவில் உட்கார்ந்து பேசக்கூடாதா என்று ஒருநாள் சண்டை பிடித்தாள்.

"வீட்டுல உங்கப்பாவுக்குப் பார்க்க ஆயிரம் இருக்குது கண்ணு" என்றாள் நாகலட்சுமி. "அங்க போனா என்னைய மட்டுந்தான் பார்க்கோணும்."